தச்சர் காலுக்கு ஒரு திருகு

"என் கால்ல ஒருத்தரும் ஸ்க்ரூ முடுக்க வேணாம். வண்டியைக் கூப்பிடு, வீட்டுக்குப் போவோம்."

ஆஸ்பத்திரிக் கட்டிலில் காலை நீட்டிப் படுத்திருந்த தச்சர் காலையிலிருந்து இதையேதான் சொல்லிக்கொண்டிருந்தார். பக்கத்தில் உட்கார்ந்திருந்த மனைவிக்கு அது காதில் ஏறவே இல்லை. இத்தனைக்கும் தெருவில் அவளுக்கு 'வானொலி' என்று பெயர். அடுத்த வீட்டில் முணுமுணுத்தால்கூட அவளுக்குக் கேட்கும்; கேட்டது தெருக்கோடி வரை போய்ச் சேரும்.

"நாள் பூரா ஸ்க்ரூ முடுக்குற ஆளு, இதுக்குப் போய்ப் பயப்படலாமா?"

"முடுக்குறதாலதான்டி பயமே. நான் செஞ்ச கட்டிலெல்லாம் எப்படி ஆடுதுன்னு உனக்குத் தெரியாதா?"

தெரியும். அந்தக் கட்டில்களில் யார் புரண்டு படுத்தாலும் தெருவுக்கே தெரியும்.

ஏணியிலிருந்து விழுந்ததில் அவருக்கு முழங்காலுக்குக் கீழே எலும்பு இரண்டாகிவிட்டது. வெறும் மாவுக்கட்டு போட்டால் கோணலாகக் கூடி, கால் குட்டையாகிவிடும்; ஆபரேஷன் செய்தால் பழையபடி ஏணி ஏறலாம் என்று சொல்லியாகிவிட்டது. சம்மதக் கையெழுத்து ஒன்றுதான் பாக்கி. தச்சர் பேனாவைத் தொடவே இல்லை. ஏணி ஏறாத தச்சரை வைத்துக்கொண்டு என்ன செய்வது என்று வானொலிக்குக் கவலை.

அப்போதுதான் பச்சைத் திரைக்கு அந்தப் பக்கம் யாரோ விசும்பும் சத்தம் கேட்டது. வானொலி கவலையை அப்படியே கீழே வைத்துவிட்டு, நாற்காலியைத் திரையோடு ஒட்டிப் போட்டுக்கொண்டாள்.

"பயமா இருக்கு அத்தை. காலையிலேருந்து வாய்ல ஒண்ணும் இறங்கல." இளம் குரல்.

"பயப்பட இதுல என்ன இருக்கு? நான் பக்கத்துலயேதானே இருக்கப் போறேன். எழுந்து ஓடிடவா போறேன்?" இது கொஞ்சம் வயதான, நிதானமான குரல்.

வானொலி கணவர் பக்கம் திரும்பிக் கிசுகிசுத்தாள். "ஆபரேஷன்ல பக்கத்துலயே இருக்கப் போறாங்களாம், அப்போ மாமியார் டாக்டர். மருமகளுக்குத்தான் கால் உடைஞ்சிருக்கு. கொடுத்து வச்சவ. உங்கம்மா எனக்குத் தலைவலிக்கு ஒரு தைலம் தேய்ச்சிருப்பாங்களா?"

"எங்கம்மாவை எதுக்குடி இழுக்குற?"

"உஷ்."

"சொந்தக்காரங்களுக்குப் பண்ணக் கூடாதுன்னு சொல்வாங்களே அத்தை. வேற யாராவது பண்ணட்டுமே."

"வெளியாளை நம்பி விட எனக்கு மனசு வராது. என்ன பெரிய வேலை? முழங்கால்கிட்ட சின்னதா ஒரு கீறல். எலும்புக்கு நடுவுல நீளமா ஒரு கம்பி. மேலயும் கீழயும் குறுக்கால ஸ்க்ரூ."

"கம்பி கோணலா இறங்கிட்டா?"

"எக்ஸ்ரே டி.வி.யில பார்த்துக்கிட்டேதானே இறக்குறது. கண்ணு முன்னாடி எப்படிக் கோணலா போகும்?"

"அப்புறம் ஸ்க்ரூ கழன்றுட்டா?"

தச்சர் தலையணையிலிருந்து தலையைத் தூக்கினார். அது அவருடைய சொந்தக் கேள்வி.

"அது என்ன கதவுத் தாழ்ப்பாளா? மரம் செத்தது. எலும்புக்கு உயிர் இருக்கு. கம்பி அசையாமப் பிடிச்சுக்கிட்டா எலும்பு தானா வளர்ந்து ஒட்டிக்கும். ஒட்டினதுக்கப்புறம் ஸ்க்ரூ இருந்தா என்ன, போனா என்ன?"

தச்சர் கூரையைப் பார்த்தபடி யோசித்தார். "நாற்காலிக் கால் உடைஞ்சா நானும் நடுவுல குச்சி விட்டுத்தான் சேர்ப்பேன்."

"அதுவும் ஆடத்தானே செய்யுது?"

"நாற்காலி வளராதேடி."

திரைக்கு அந்தப் பக்கம் மறுபடி மூக்கை உறிஞ்சும் சத்தம். "பெரிய டாக்டர் நிப்பார்ல அத்தை?"

"நிப்பார். கையைக் கட்டிக்கிட்டு வேடிக்கை பார்ப்பார்."

வானொலி அசந்துபோனாள். "பெரிய டாக்டரே கையைக் கட்டிக்கிட்டு நின்னு பார்ப்பாராம். எப்பேர்ப்பட்ட கை." இந்தச் செய்தி அடுத்த நிமிடமே எதிர்க் கட்டிலுக்கும், அதற்கடுத்த கட்டிலுக்கும் ஒலிபரப்பானது.

"அவ்வளவு நேரம் நான் தாங்குவேனா அத்தை?"

"முதுகுல ஊசி போட்டா இடுப்புக்குக் கீழதான் மரத்துப்போகும். வாய் மரத்துப்போகாது. பேசிக்கிட்டே இருந்தா நேரம் போறதே தெரியாது. கண்ணைத் துடை. கையைக் குடு, ஐஸ் கட்டி மாதிரி இருக்கு. இப்படி ஒருத்தியைக் கட்டிக்கிட்டு என் பையன் என்னதான் பண்றானோ."

அழுத பெண் களுக்கென்று சிரித்துவிட்டாள். அந்தச் சிரிப்பு இந்தப் பக்கமும் தொற்றிக்கொண்டது. தச்சர் சிரித்ததில் கட்டில் குலுங்கி, கால் வலித்து, அப்படியும் சிரித்தார்.

"பேனாவைக் கொண்டா."

வானொலிக்குத் தன் காதையே நம்ப முடியவில்லை. அவள் வாழ்க்கையில் அது முதல் தடவை.

"கையெழுத்துப் போடுறேன். ஆனா அந்த டாக்டரம்மாதான் எனக்குப் பண்ணணும். வேற யாரும் என் காலைத் தொடக் கூடாது."

அவர் போட்டு முடித்த கையெழுத்தோடு வானொலி நடைக்கு ஓடி, வந்துகொண்டிருந்த நர்ஸை மறித்தாள். "சிஸ்டர், சம்மதிச்சுட்டார். திரைக்கு அந்தப் பக்கம் இருக்காங்களே, அந்த டாக்டரம்மாதான் வேணுமாம்."

"தாராளமா. கேட்டா அவங்களுக்கும் தெம்பா இருக்கும்" என்று சொல்லிக்கொண்டே வந்த நர்ஸ் திரையை விலக்கினாள்.

தள்ளுவண்டி ஒன்று வெளியே வந்தது. கூடவே, ஆபரேஷன் உடுப்பு அணிந்த ஒரு சின்னப் பெண் கண்ணாடியைத் துடைத்தபடி நடந்து வந்தாள்.

"அடுத்தது நீங்களா தம்பி?" வண்டியில் மல்லாந்து படுத்திருந்த அத்தை, மருமகளின் கையை விடாமல் தச்சரைப் பார்த்துச் சிரித்தார். "ஒரு கவலையும் வேணாம், என் காலை முடிச்ச கையோட நேரா உங்ககிட்டதான் வருவா."