ரூஹியின் சேமிப்பு

“புள்ளைக்கு நல்ல புக்கா பாத்துதான் வாங்கியாந்துகிற,” என்றாள் ஜன்னத், துறைமுகத்தில் வேலை முடித்து வந்த கணவனிடம். “சிக்கனம் சொல்லித் தர்ற கதையாம். பென்சில் துண்டானாகூட தூக்கிப் போட மாட்டேங்கிறா. ரூமை வுட்டு வந்தா ஃபேனை நிறுத்துறா.”

சௌக்கத் அலி சிரித்துக்கொண்டே, மகளுக்கு வாங்கிய புது இன்ஹேலரை வைக்க அலமாரியைத் திறந்தான். போன மாதம் வாங்கியது சீல்கூடப் பிரிக்காமல் அங்கேயே இருந்தது.

“இன்னா ஜன்னத், இத்த தொடவே இல்ல?”

“நானே அடிச்சிக்கிறேன்னு சொன்னா, வுட்டுட்டேன். அப்போ இளைப்பு நின்னுபோச்சா?” அவள் கண் கலங்கியது. “இந்த எண்ணூர் சாம்பல் காத்துல எப்படி தேறுவாளோன்னு பயந்துகினே இருந்தேன்.”

எட்டு வயது ரூஹி வாசற்படியில் உட்கார்ந்திருந்தாள். தெருவில் மற்ற பிள்ளைகள் ஓடிப்பிடித்து விளையாடினார்கள்.

“உனக்குத்தான் நல்லாயிடுச்சே, நீயும் போய் ஓடேண்டி,” என்றாள் ஜன்னத்.

“வேணாம்மா. ஓடுனா இளைக்கும்.”

“இளைச்சா மருந்து கீதே,” என்றான் சௌக்கத் அலி.

“வெல ஜாஸ்தியான பொருளைத்தான் மொதல்ல மிச்சம் புடிக்கணும்னு புக்குல போட்டுகீது அத்தா. நம்ம வூட்ல அதுதானே வெல ஜாஸ்தி?”

ஜன்னத் அவளருகே உட்கார்ந்தாள். “மூச்சு முட்டினா இன்னாடி பண்ணுவ?”

“தலகாணில மூஞ்ச அமுத்திக்குவேன். சத்தம் கேட்டா நீங்க எழுந்து வந்து மருந்த அடிச்சி வுட்ருவீங்கல்ல?”