அரை மார்க்

சுடலைராஜ் டிரங்குப் பெட்டியை வாசலில் இறக்கி வைத்தான். ஆத்தூர்த் தெரு அவனைப் பார்க்காததுபோல் பார்த்தது.

வைகாசியில் இதே தெருதான் மாலை போட்டு அவனைப் போலீஸ் பயிற்சிக்கு அனுப்பி வைத்தது.

போலீஸ் தேர்வில் ஒரு கேள்விக்கு வாரியம் வெளியிட்ட விடையே தவறு என்று கோர்ட்டில் தீர்ப்பாகிவிட்டது. எல்லோருடைய தாளையும் மறுபடி திருத்தினார்கள்.

சுடலைராஜ் எழுதியிருந்தது அந்தத் தவறான விடையை. அரை மார்க் போயிற்று. அதோடு வேலையும்.

சரியாக எழுதியவர்களுக்கு அரை மார்க் ஏறியது. அப்படிப் பட்டியலுக்குள் போனவர்களில் ஒருத்தி பேச்சிச்செல்வி.

அவன் தங்கை. வழக்குப் போட்டவளும் அவள்தான்.

செம்பில் தண்ணீரோடு வந்தாள். அம்மா தங்கத்தாய் அதை அவள் கையிலிருந்து வெடுக்கென்று பிடுங்கி மகனிடம் கொடுத்தாள்.

"ஏளா, கூடப்பொறந்தவன் சட்டையக் கழட்டி மாட்டிக்கிட்டியே, இப்பம் ஒனக்கு மனசு ஆறிட்டா?"

பேச்சிச்செல்வி வெறுங்கையோடு ஒதுங்கி நின்றாள்.

தீர்ப்பு வந்ததிலிருந்து இப்படித்தான். அப்பா வெற்றிலைக் கடையை விட்டு வீட்டுக்கு வருவதே குறைந்துபோனது. சொந்தக்காரர்கள் போனில் கேட்கக் கூசாததையெல்லாம் கேட்டார்கள். அவள் வாய் திறக்கவில்லை. திமிர் என்றார்கள்.

அண்ணனைப் பார்த்தாள். அவன் அண்ணாந்து குடித்துக்கொண்டிருந்தான். கழுத்தில் வழிந்த தண்ணீரைத் துடைக்கவில்லை.

தேறவில்லை என்று தெரிந்த அன்று, தூத்துக்குடி தருவை மைதானத்துப் படிக்கட்டில் உட்கார்ந்து அழுதவளிடம் பாடப்புத்தகத்தைத் திறந்து காட்டியவன் அவன். வேண்டாம் என்று அவள் தயங்கியபோது, வக்கீல் வீட்டுக்குப் பைக்கில் ஏற்றிக்கொண்டு போனவனும் அவன்.

"நீ எழுதுனதுதாம்ளா சரி. கேஸ் போடு. நான் செலக்ட் ஆயாச்சு, எனக்கு ஒண்ணும் ஆவாது."

இப்போதாவது அதைச் சொல்வான் என்று நின்றாள்.

அம்மாவின் ஏச்சு நிற்கவில்லை. சுடலைராஜ் செம்பை வைத்துவிட்டுக் குனிந்து, பூட்ஸ் கயிற்றை அவிழ்க்க ஆரம்பித்தான். நிமிரவேயில்லை.

ஒட்ட வெட்டிய முடிக்குக் கீழே அவன் பிடரி வெயிலில் கறுத்துப்போயிருந்தது.

அவளே சொல்லிவிடலாம். ஒரு வார்த்தைதான். வாயைத் திறந்தாள்.

"அண்ணே, சோறு வைக்கட்டா?"