பிளக்கைப் பிடித்திருந்த கை

நடையில் இருந்தது ஒரே ஒரு சாக்கெட். அதிலும் ஒரு பிளக்கைச் செருகி, ஒரு பையன் அழுத்திப் பிடித்துக்கொண்டு தரையில் உட்கார்ந்திருந்தான்.

துக்க வீட்டுக்குத் தேநீர் போட வந்த பக்கத்து ஊர்க்காரி நான். முற்றத்துக் கம்பளிக் கூடாரத்தில் இசாபெக் பெரியவரைக் குளிப்பாட்டிக் கிடத்தியிருந்தார்கள். பனியில் அத்தனை பேர் நிற்கிறார்கள், வெந்நீர் கொதிக்கவைக்கும் என் சமோவாருக்கு மின்சாரம் வேண்டாமா?

"டேய், முட்டையா அடைகாக்குறே? எந்திரி!"

"பாதியில பிடுங்கினா இது செத்துடும், அக்கா."

"இந்த வீட்டுல ஒரு சாவு போதாதா?" என்றேன். எனக்கு வாய் நீளம்.

அவன் சிரிக்கவில்லை.

மின்வெட்டில் வைஃபை பெட்டி கெட்டுப்போய்ச் சிவப்பாகவே மினுக்கியதாம். உள்ளிருந்து அதை இயக்கும் ஃபர்ம்வேர் என்ற மென்பொருளைப் புதிதாக ஏற்ற வேண்டும். சிக்னல் கிடைக்கும் மேட்டுக்குப் போய் இவன் இறக்கிவந்த கோப்பு, சரிபார்த்தால் பாதியில் அறுந்தது. "பரவாயில்ல, போட்டுத் தொலை" என்று எல்லாரும் கத்தியிருக்கிறார்கள். போடாமல் மறுபடி மேடேறி, முழுசாக இறக்கிவந்திருக்கிறான்.

பெரியவரின் மூத்த மகன் மிர்லான் தொலைவில், ரஷ்யாவின் யாகுட்ஸ்க் சுரங்கத்தில் இருக்கிறான். அடக்கத்துக்கு வர வழியில்லை. வைஃபை வந்தால் வீடியோ போனிலாவது அப்பா முகத்தைப் பார்க்க வேண்டும், பாவம்.

விளக்கு பச்சையானது. அப்போதும் இவன் எழவில்லை. சாக்கெட் தளர்ந்து கிடந்தது, கையை எடுத்தால் அணைந்துவிடும்.

கூடாரத்துக்குள் போனிலிருந்து மிர்லானின் குரல் வெடித்தது. "ஐயோ, என் அப்பாவே!" பெண்களின் ஒப்பாரி கூடவே எழுந்தது. என்னாலும் தாங்க முடியவில்லை, அழுதேன்.

இவன் சுவரையே பார்த்துக்கொண்டிருந்தான். வேலைக்கு வந்தவனுக்கு என்ன துக்கம் என்று நினைத்தேன்.

இமாம் பெரியவரின் முகத்தை மூடச் சொன்னார்.

"தம்பி எங்க? அவன் அப்பாவப் பாத்துட்டானா?" போனில் மிர்லான் கேட்டான்.

உள்ளேயிருந்து யாரோ நடைப் பக்கம் திரும்பிக் கூப்பிட்டார்கள். "சமத்!"

பையன் கையை எடுத்தான். பச்சை விளக்கு அணைந்தது.

மூலையில் சாய்ந்திருந்த கம்பில் என் ஈரத் துண்டைக் காயப்போட்டிருந்தேன். அவன் துண்டை மடித்து என் கையில் தந்தான். இறந்தவரின் மகன்கள் கூடார வாசலில் ஊன்றி நின்று அழும் கம்பு அது. அதை எடுத்துக்கொண்டான்.

"அண்ணன் நல்லாப் பாத்துட்டான்ல, அக்கா?"

நான் தலையாட்டினேன்.

"இப்ப சமோவாரை மாட்டிக்குங்க."