பாடையில் கற்கள்

நிலவில் இறந்துபோன சங்கரபாண்டியைச் சுமக்க நாலு பேர் வேண்டும். அங்கே மிஞ்சியிருந்ததோ இரண்டு பேர். ஆனால் பாடை ஒரு குடம் தண்ணீர் அளவுக்குத்தான் கனத்தது. முன்னால் இசக்கி, பின்னால் ஜெபசீலன்.

மூன்றாவது அடியிலேயே இசக்கிக்குக் கூசியது. எவ்வளவு மெதுவாக வைத்தாலும் ஒவ்வொரு அடியும் துள்ளலாகவே விழுந்தது. தோளில் பாடையும் கூடவே துள்ளியது.

"அண்ணே, நில்லுங்க," என்று ஜெபசீலனின் குரல் காதுக்குள் கேட்டது. "கல்யாணத்துக்குப் போற மாதிரில்லா இருக்கு."

இறக்கி வைத்துவிட்டுக் கற்களைப் பொறுக்கினார்கள். உடலைச் சுற்றி, தோள் வலிக்கும் அளவுக்கு அடுக்கினார்கள். அதன் பிறகுதான் கால் தரையில் பதிந்தது. ஒரு சாவுக்கு நடப்பதுபோல் நடக்க முடிந்தது.

முந்தின நாள் தோண்டிய குழியில் அவரை இறக்கி, சுமந்து வந்த கற்களையெல்லாம் மேலே குவித்தார்கள்.

"போவோமாண்ணே?"

இனித் திரும்பிப் பார்க்காமல் நடக்க வேண்டும். இசக்கி ஒரு காலை எடுத்து வைத்தார். உடம்பு குதூகலமாய் எழும்பியது. அவசரமாக ஜெபசீலனின் தோளைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"கொஞ்ச நேரம் நிப்போம்டே," என்றார்.