ஐந்தாவது இலை

வெள்ளிக் கம்பி துள்ளிக் கீழே விழுந்தது.

“பார்த்தீங்களா? மொதல் பேச்சே பொய்” என்றாள் தமேரா. அவளுக்கு உள்ளூர ஒரு திருப்தி. பத்து நாளாக வீட்டில் அவள் சொல்லிக்கொண்டிருந்தது இதைத்தானே.

மாப்பிள்ளை யோரன் திருதிருவென்று விழித்தான். அவன் சொன்னது, ‘எனக்கு வயசு இருபத்தேழு’ என்பது மட்டும்தான். கல்யாண வளையல் என்றால் சும்மாவா? எஃகு வளையலில் இலை இலையாகப் பள்ளம் வெட்டி, ஒவ்வொன்றிலும் கம்மாளச்சி வாக்குக் கம்பியை வைத்துத் தட்டும்போது மாப்பிள்ளை ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். மெய்யென்றால் கம்பி உட்கார்ந்து, தானே நரம்பு விட்டு இலையாக விரியும். பொய்யென்றால் ஒரு நொடி தங்காது.

பையனின் அம்மா தலைத்துணியைச் சரிசெய்துகொண்டாள். “இருபத்தெட்டு சம்பந்தி. ஒரு வயசு குறைச்சுச் சொல்லியே வளர்த்துட்டேன். அது அவனுக்கே தெரியாது.”

யோரன் அம்மாவை ஒரு முறை முறைத்துவிட்டு, இருபத்தெட்டு என்று திருத்திச் சொன்னான். கம்பி உட்கார்ந்தது. இலை விரிந்தது.

தமேராவின் முகம் தொங்கிப்போனது. ஆனால் விட்டுவிடுகிற ஆளா அவள்? மணப்பெண் சிமாரி அவளுக்குக் கொழுந்தன் மகள். தமேராவுக்குப் பிள்ளை இல்லை, ஊர் அவள் வயிற்றைத்தான் குறை சொன்னது. கொழுந்தன் கடலோடு போன பிறகு தாயும் மகளும் இவள் வீட்டில்தான் இருந்தார்கள். சிமாரிக்குத் தலை சீவியது, காய்ச்சலுக்குக் கண்விழித்தது எல்லாம் இவள். அந்தப் பெண்ணை ஓர் ஏமாற்றுக்காரன் கையில் கொடுத்துவிட்டு எப்படித் தூங்குவது? கெஸ்தா துறைமுகத்தில் யோரனுக்கு ஒருத்தி இருக்கிறாள் என்று மீன்காரி காதில் போட்ட நாளிலிருந்து தமேராவுக்கு ரொட்டி தொண்டையில் இறங்கவில்லை.

“அடுத்த இலைக்கு நான் சொல்றதைச் சொல்லுங்க தம்பி. ‘கெஸ்தாவுல எனக்கு எவளும் கிடையாது.’”

“பெரியம்மா, போதுமே” என்றாள் சிமாரி.

“நீ சும்மா இருடி. பின்னால உட்கார்ந்து அழறதுக்கு இப்பவே கேட்டுக்கிறது மேல்.”

யோரன் சொன்னான். கம்பி உட்கார்ந்தது. சொத்துக்காக வரவில்லை என்றான், அதுவும் உட்கார்ந்தது. திருவிழாவுக்கு மட்டும்தான் குடிப்பேன் என்றான், அதுவும்.

நாலு இலையும் விரிந்துவிட்டன. தமேரா வளையலை வாங்கி நகத்தால் நெம்பிப் பார்த்தாள். அசையவில்லை. “சரி, நல்ல பையன்தான் போலிருக்கு” என்று அரை மனசாகத் திருப்பிக் கொடுத்தாள்.

கம்மாளச்சி நுவாலி வாயிலிருந்து புளியங்கொட்டையை எடுத்தாள். தட்டும்போது அவள் பேசிவிட்டால் கம்பி அவள் பேச்சை எடுத்துக்கொள்ளும், அதற்காக அடக்கியிருக்கும் கொட்டை அது. “அஞ்சாவது இலை பொண்ணோட அப்பாவுக்கு. ‘இவ நான் பெத்த மக, மனசாரக் குடுக்கிறேன்’னு சொல்லணும். அவர் இடத்துல யார் நிக்கிறது?”

“எம் புருஷன்தான். வேற யாரு?”

சிமாரியின் அம்மா லீனே ஓரத்திலிருந்து முன்னால் வந்தாள். “மாமா வேண்டாங்க்கா. அந்த இலை காலியாவே இருக்கட்டும்” என்றாள்.

தமேராவுக்குச் சுருக்கென்றது. இத்தனை வருஷம் தாங்கிய மனுஷனுக்கு ஒரு வார்த்தை சொல்லக்கூட உரிமை இல்லையா? இப்போதே மாப்பிள்ளை வீட்டோடு சேர்ந்துகொண்டு எங்களை ஒதுக்கப் பார்க்கிறாளோ என்று அவளுக்குப் புதுச் சந்தேகம் முளைத்தது.

“ஏன் வேண்டாம்? வளர்த்தது அவர்தானே. வாங்க இப்படி.”

அவள் கணவர் கோதர் ஓரடி பின்வாங்கினார். “கம்பி துள்ளிடும் தமேரா. நாலு பேர் முன்னால நல்லாவா இருக்கும்?”

“துள்ளத்தான் செய்யும் ஐயா” என்றாள் நுவாலி. “பெரியப்பன், மாமன்னு யார் நின்னாலும் துள்ளும். நான் பொடி வச்சு ஊதி ஒட்டிடுவேன். அப்பா இல்லாத பொண்ணுங்க வளையல் எல்லாம் அப்படித்தான். இதுல வெக்கப்பட என்ன இருக்கு?”

கொட்டையை மறுபடி வாயில் போட்டுக்கொண்டு சுத்தியை எடுத்தாள். தமேரா கணவரின் முதுகில் கைவைத்து முன்னால் தள்ளினாள். கோதர் தலை நிமிராமல், யாருக்கும் கேட்காத மாதிரி அந்த வார்த்தையை முணுமுணுத்தார். பாவம், தம்பி ஞாபகம் வந்துவிட்டது போலிருக்கிறது என்று தமேராவின் கண்ணும் கலங்கியது.

சுத்தி நின்றது. தமேரா தானே உலையடியிலிருந்து ஊதுகுழலை எடுத்து நீட்டினாள். “இந்தா, ஊதி ஒட்டிடு.”

நுவாலி அதை வாங்கவில்லை. புளியங்கொட்டையையும் வாயிலிருந்து எடுக்கவில்லை. சிமாரிதான் குனிந்து வளையலைப் பார்த்தாள்.

“பொடியெல்லாம் வேண்டாம் பெரியம்மா, அதுவே இலை விட்டுருச்சு.”