பாக்கியமேரி கேட்ட பாதுகாப்பு

“ஸ்டேஷனுக்கு வந்து ஒரு வார்த்தை சொல்லியிருந்தா நாங்க வரமாட்டோமாம்மா? இதுக்குப் போயி ஹைகோர்ட் வரைக்கும் ஏறி இறங்கணுமா?”

இன்ஸ்பெக்டர் முத்துக்குமரனின் குரலில் எரிச்சல் இருந்தது. டி. கல்லுப்பட்டிக்குப் பக்கத்தில் இருக்கிற ஒரு பால் கூட்டுறவுச் சங்கத் தேர்தலுக்குப் போலீஸ் பாதுகாப்புக் கொடுக்கச் சொல்லி உத்தரவு வந்திருந்தது. அவருடைய ஞாயிற்றுக்கிழமை போயிற்று.

“ஸ்டேஷனுக்கு வந்தா யாரு மேல புகார்னு கேப்பீங்க சார்” என்றார் தேர்தலில் நிற்கும் பாக்கியமேரி.

“கேக்கத்தான் செய்வோம். சொல்ல வேண்டியதுதான? ஊருக்கே தெரிஞ்ச கதை.”

ஊருக்குத் தெரிந்ததுதான். போன தடவை பாக்கியமேரி வேட்புமனு கொடுக்க வந்தபோது, தலைவர் ஆண்டிச்சாமியின் ஆட்கள் மனுவைப் பிடுங்கிக் கிழித்தார்கள். தடுக்கப்போனவரைச் சங்கத்துப் படியிலிருந்து தள்ளிவிட்டார்கள். அன்று உடைந்த வலது கை இன்னும் பால் கறக்க வாகாக மடங்கவில்லை. தேர்தலும் அத்தோடு நின்றுபோனது.

பாக்கியமேரி, சங்கத்து வாசலில் நின்ற ஆண்டிச்சாமியையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“ஒரு உதவி சார். அந்த அண்ணன் பக்கத்துல ஒரு போலீசை நிறுத்துங்க. பாத்ரூம் போனாக்கூட பின்னாடியே போகணும்.”

“இம்புட்டு பயமா?”

“ஆமா சார்.”

ஏட்டு மொக்கைச்சாமி போய் ஆண்டிச்சாமியை ஒட்டி நின்றார்.

“நான் என்ன அக்யூஸ்டா?” என்று முறைத்தார் ஆண்டிச்சாமி.

“கோர்ட் ஆர்டர்ணே. பேசாம நில்லுங்க.”

ஓட்டுப்பதிவு தொடங்கியது. ரோட்டில் எந்த பைக் வந்து நின்றாலும் பாக்கியமேரியின் தலை நிமிர்ந்தது. கொண்டுவந்து கொடுத்த டீ ஆறிப்போய் ஆடை கட்டியது. மத்தியானம் வரிசையில் யாரோ யாருடைய சட்டையையோ பிடித்துவிட்டார்கள். எல்லோரும் அந்தப் பக்கம் ஓட, அவர் மட்டும் எழுந்து ஆண்டிச்சாமி எங்கே என்று தேடினார்.

சாயங்காலம் எண்ணி முடித்தார்கள். பாக்கியமேரி ஜெயித்திருந்தார். ஆண்டிச்சாமி தோற்றுப்போனார்.

“ஜெயிச்சுட்டக்கா” என்று பக்கத்துத் தெரு தங்கப்பொண்ணு கட்டிக்கொண்டாள். அப்போதும் அவருக்குச் சிரிப்பு வரவில்லை.

“அப்ப நாங்க கெளம்புறோம்” என்றார் இன்ஸ்பெக்டர். “ஏட்டையா, வாங்க.”

“வேணாம் சார். அந்த அண்ணன் வீடு போயிச் சேரட்டும்.”

“அதான் ஜெயிச்சாச்சே. இன்னுமா பயம்?”

“ஒங்களக் கும்பிட்டுக் கேக்குறேன்.”

அந்தக் குரலில் இருந்த நடுக்கம் இன்ஸ்பெக்டரை நிறுத்தியது. மொக்கைச்சாமியிடம் தலையசைத்தார்.

ஆண்டிச்சாமியோடு காலையில் நின்ற ஆட்கள், முடிவு தெரிந்ததுமே கழன்றிருந்தார்கள். அவர் தனியாகப் படியிறங்கினார். ஏட்டு பின்னாலேயே போனார். இரண்டடி தள்ளிப் பாக்கியமேரியும் இறங்கினார்.

பால் வேனுக்குப் பின்னாலிருந்து ஒருவன் ஹெல்மெட்டோடு ஓடிவந்தான். முதுகுப்பக்கம் சட்டைக்குள்ளிருந்து அரிவாளை உருவிப் படியை நோக்கிப் பாய்ந்தான். மொக்கைச்சாமி குறுக்கே விழுந்து அவன் மணிக்கட்டைப் பிடித்து முறுக்கினார். அரிவாள் சிமெண்டுத் தரையில் விழுந்தது. மற்றப் போலீஸார் அவனை அமுக்கிப் பிடித்தார்கள்.

இன்ஸ்பெக்டர் பாக்கியமேரியைத் தன் முதுகுக்குப் பின்னால் இழுத்துக்கொண்டார். “உள்ள போங்கம்மா. ஒங்களத் தேடித்தான் வந்திருக்கான்.”

ஆண்டிச்சாமி இன்ஸ்பெக்டரிடம் ஓடிவந்தார். “சத்தியமா நான் அனுப்பல சார். இவன் யாருன்னே எனக்குத் தெரியாது.”

“தெரியும்ணே, நீங்க அனுப்பல” என்ற பாக்கியமேரி, இன்ஸ்பெக்டரை விலக்கிக்கொண்டு கீழே இறங்கினார். மண்டியிட்டு, அவன் ஹெல்மெட்டைத் தானே கழற்றினார்.

உள்ளே இருந்த முகம் அழுதுகொண்டிருந்தது. “ஏம்மா தடுத்த? இந்தப் படியிலதானம்மா ஒன்னையத் தள்ளிவிட்டாய்ங்க.”

பாக்கியமேரி அவன் முகத்தை முந்தானையால் துடைத்துவிட்டு நிமிர்ந்தார்.

“நான் பெத்த பிள்ளை சார், பேரு ஜெய்சன். கேஸ் எழுதிக்கங்க” என்றார். “கோர்ட்டுல நான் பாதுகாப்புக் கேட்டது எனக்கில்ல, இந்த ஆண்டிச்சாமி அண்ணனுக்கு.”