எல்லைக்கல்

மழை பொய்த்தால் பெண்கள் வீடு வீடாகச் சோறு வாங்கித் தின்றுவிட்டு, ஊரைவிட்டே போவதாக அழுதபடி நடப்பார்கள். ஆண்கள் ஓடிவந்து, "போகாதீங்க தாயி" என்று மறிப்பார்கள். சிறுவயதில் பார்த்த அந்தச் சடங்கை ஆவணப்படமாக்கத் தன் ஊருக்கு வந்திருந்தான் சண்முகவேல். பானைகளோடு ஏழு பெண்கள் எல்லைக்கல்லில் வந்து நின்றார்கள். மறிக்க வருவதாகச் சொன்ன ஆண்கள் ஒருவரும் திருப்பூரிலிருந்து வரவில்லை.

"நீயாவது கூப்புடேன்யா, காலு கடுக்கு" என்றாள் அவன் சித்தி குருவம்மா.

பதினெட்டு வருடத்துக்கு முன் இதே கல்லருகே அவன் பஸ் ஏறியபோது, "போகாதய்யா" என்று கையைப் பிடித்தவள் அவள்.

கேமராவை விட்டு விலகி வாயைத் திறந்தான். குரல் வரவில்லை. குருவம்மா பானையை இடுப்பில் ஏற்றிக்கொண்டு கல்லைத் தாண்டினாள்.